கண் இருக்கிற பிள்ளை

1

விசா புதுப்பிக்கிற மாதம் வந்தால்தான், இந்த நாட்டுக்கு வந்து எத்தனை வருடம் ஆயிற்று என்று எண்ணிப் பார்ப்பேன். இந்த முறை பதினாறு. எனக்கும் என் மனைவி சபீனாவுக்கும் மகள் நஜ்மாவுக்கும் அனுமதி நீட்டித்துக் கிடைத்தது. வழக்கமாக அன்று மாலை கோலாலம்பூர் பிரிக்பீல்ட்ஸில் எங்கள் வீட்டுக்குக் கீழே இருக்கும் கடையில் ஏதாவது வாங்கிச் சாப்பிடுவோம். இந்த வருடம் யாருக்கும் அது தோன்றவில்லை.

அதே மாதம் இப்ராகீம் ஹஜ்ரத்துக்கு அனுமதி கிடைக்கவில்லை. அவரை வேலைக்கு வைத்திருந்தவர்கள் விண்ணப்பிக்கவே இல்லை. கோலாலம்பூரில் பன்னிரண்டு வருடம் நம் பிள்ளைகளுக்குக் குர்ஆன் ஓதிக்கொடுத்தவர், இரண்டு பெட்டிகளோடு தொண்டிக்குத் திரும்பிவிட்டார்.

தொண்டிக்கும் எங்கள் அதிராம்பட்டினத்துக்கும் கடற்கரைச் சாலை ஒன்றுதான். அவர் போய்ச் சேருமுன்பே செய்தி போய்விட்டது. என் அண்ணனை நாங்கள் காக்கா என்று கூப்பிடுவோம். அவரிடம் ஒருவர் பள்ளிவாசல் வாசலில் வைத்தே, "உன் தம்பி ஒரு ஆலிமோட பொழைப்பைக் கெடுத்துட்டானாமே" என்று கேட்டிருக்கிறார். காக்கா எனக்கு ஃபோன் செய்து, உண்மையா என்றார். ஆமாம் என்று சொல்லவும் முடியவில்லை, இல்லை என்று சொல்லவும் முடியவில்லை. எதையோ சொல்லிச் சமாளித்து வைத்துவிட்டேன்.

இதைப் படிக்கிற ஊர்க்காரர்களில் சிலருக்காவது அந்தக் கேள்வி இருக்கும். அதனால் நடந்ததை நடந்தபடி எழுதுகிறேன்.

2

நான் மஸ்ஜித் இந்தியா சாலையில் ஒரு ஜவுளிக்கடையில் மேலாளராக இருக்கிறேன். புடவை, தாவணி, மலாய்க்காரப் பெண்கள் தைத்துப் போடும் பாஜு குரோங் துணி, பெருநாள் சமயத்தில் தொப்பி, அத்தர் எல்லாம் உண்டு. காலையில் நஜ்மாவைப் பள்ளி வேனில் ஏற்றிவிட்டு ரயில் பிடித்தால் கடை திறக்கச் சரியாக இருக்கும். சபீனா விடியற்காலைத் தொழுகைக்குப் பிறகு அடுப்படியில் நின்றபடி ஓதிக்கொண்டே வேலை செய்வாள். தோசை ஊற்றும்போதும் ஓதுவாள், டிபன் பெட்டியை மூடும்போதும் ஓதுவாள். வேன் வந்துவிட்டது என்று எங்களை விரட்டுவதற்கு மட்டும் இடையில் நிறுத்துவாள்.

நஜ்மாவுக்கு இப்போது பத்து வயது நடக்கிறது. இங்கேயே பிறந்தவள். நடக்கப் பழகிய காலத்திலிருந்து அடுப்படி வாசலில் உட்கார்ந்து உம்மாவின் ஓதலைக் கேட்டு வளர்ந்தவள். ஐந்து வயதில் யாஸீன் அத்தியாயத்தைப் பாதிக்கு மேல் சொல்லிவிடுவாள். அவள் குரல் கொஞ்சம் கனத்த குரல், சின்னப் பிள்ளையின் குரல் போல இருக்காது. அவள் ஓதும்போது நான் செய்துகொண்டிருக்கும் வேலையை நிறுத்திவிடுவேன்.

பள்ளிக்கூடத்தில் கதை வேறு. எங்களைப் போல வேலை அனுமதியில் வந்தவர்களின் பிள்ளைகள் படிக்கும் சிறிய தனியார் பள்ளி அது. பாடம் ஆங்கிலத்தில், கூடவே மலாய். இரண்டாம் வகுப்பிலிருந்தே ஆசிரியர்கள் சபீனாவைக் கூப்பிட்டுச் சொல்வது ஒன்றுதான்: கேட்டால் பதில் சொல்கிறாள், எழுதச் சொன்னால் எழுதுவதில்லை, கவனம் போதாது, வீட்டில் உட்காரவையுங்கள். உட்காரவைத்தோம். ஒரு பக்கத்தைப் படிக்க ஆரம்பித்தால் அவளுக்குத் தண்ணீர் தாகம் எடுக்கும், கால் அரிக்கும், கடைசியில் கண்ணீர் வரும்.

எல்லாம் மொழிக் குழப்பம் என்றுதான் நாங்கள் நினைத்தோம். நினைக்கக் காரணமும் இருந்தது. நானே வந்த புதிதில் கடைப் பலகைகளை ஆங்கிலம் என்று எண்ணிப் படித்துச் சிரிப்புக்கு ஆளானவன். மலாயில் 'சி' என்ற ஆங்கில எழுத்துக்கு 'ச்ச' ஓசை. அது தெரியாமல் 'பெர்ச்சுமா' என்பதை 'பெர்க்குமா' என்று படித்து, அது ஏதோ ஒரு நிறுவனத்தின் பெயர் என்று நினைத்திருந்தேன். இலவசம் என்று அர்த்தம். சும்மா கொடுக்கிறதைத்தான் சொல்கிறான் என்று கடைப் பையன்கள் விளக்கினார்கள். எனக்கே இப்படி என்றால், ஆங்கிலம், மலாய், அரபி, வீட்டில் சபீனா சொல்லிக்கொடுக்கும் தமிழ் என்று நான்கையும் ஒரே நேரத்தில் சுமக்கிற குழந்தைக்கு எப்படி இருக்கும்? வளர்ந்தால் சரியாகிவிடும் என்று ஒருவருக்கொருவர் சொல்லிக்கொண்டோம்.

ஓதுவதில் அவளை மிஞ்ச ஆளில்லை என்பது எங்களுக்குப் பெரிய ஆறுதலாக இருந்தது.

3

மஸ்ஜித் இந்தியா பள்ளிவாசலுக்குப் பின்னால் ஒரு கடைவீட்டின் மேல்மாடியில் நம் குடும்பங்கள் சேர்ந்து ஓதல் வகுப்பு நடத்துகின்றன. மாலையில் அஸர் தொழுகைக்குப் பிறகு தொடங்கி அந்தி மஃரிப் தொழுகைக்கு முடியும். இப்ராகீம் ஹஜ்ரத்தான் அங்கே ஆசிரியர். மெலிந்த மனிதர், அதிகம் சிரிக்கமாட்டார். ரம்புத்தான் பழக் காலத்தில் ஒரு கட்டு வாங்கிவந்து பிள்ளைகளுக்குப் பிரித்துக் கொடுப்பார். பிரம்பு ஒன்று ஜன்னல் ஓரத்தில் கிடக்கும். நஜ்மாவின் மேல் அது பட்டதே இல்லை. வெளியூரிலிருந்து பெரியவர்கள் யாராவது வந்தால் அவளைத்தான் எழுப்பி ஓதச் சொல்வார். "காதர் பாய், உங்க வீட்டுப் புள்ளை என் வகுப்புக்கு வெளக்கு" என்று ஒருமுறை கடைக்கு வந்து சொல்லிவிட்டுப் போனார்.

குர்ஆனை முழுமையாக ஓதி முடிக்கும் பிள்ளைக்கு விருந்து வைத்து இனிப்பு கொடுப்பது வழக்கம். நஜ்மாவுக்கு அந்த நாளைக் குறித்திருந்தோம். சபீனா ஊரிலிருந்து வெள்ளைத் தாவணி வரவழைத்திருந்தாள். அதற்கு முந்தைய வாரம், வழக்கப்படி நிர்வாகக் குழுத் தலைவரான ஹாஜியார் முன்னால் அவளை ஓதவைத்தார்கள். ஹாஜியார் இங்கேயே பிறந்தவர், இரண்டு உணவகங்கள் வைத்திருப்பவர். நானும் வேறு நாலைந்து பெற்றோர்களும் பின்னால் உட்கார்ந்திருந்தோம். ஹஜ்ரத் அத்தியாயத்தின் பெயரைச் சொன்னார். நஜ்மா மரத்தாங்கியில் இருந்த குர்ஆனைத் திறந்து வைத்துக்கொண்டு ஓதினாள். அறையில் அவள் குரலையும் மின்விசிறிச் சத்தத்தையும் தவிர வேறு சத்தம் இல்லை.

பாதியில் ஹாஜியார் குனிந்து பார்த்தார். "பாப்பா, பக்கம் மாறிப் போச்சு போல" என்றார். அதில் கெட்ட எண்ணம் எதுவும் இல்லை. ஹஜ்ரத் எழுந்து வந்து பார்த்தார். அவள் திறந்து வைத்திருந்தது வேறு அத்தியாயம்.

அவர் பக்கங்களைப் புரட்டி, ஒரு பக்கத்தின் நடுவில் விரலை வைத்து, இங்கேயிருந்து ஓது என்றார். நஜ்மா விரலைப் பார்த்தாள், பிறகு அவர் முகத்தைப் பார்த்தாள். முதல் சொல்லை மட்டும் அவர் வாயால் எடுத்துக் கொடுத்திருந்தால் அவள் ஆறு மாதிரி ஓடியிருப்பாள். அது எனக்கு அப்போது தெரியாது. அவருக்கும் தெரியாது. அவர் இன்னொரு பக்கம் திருப்பினார், இன்னொன்று. கடைசியில் சின்னப் பிள்ளைகள் அரபி எழுத்துப் பழகும் அலிஃப் பே கிதாபை வரவழைத்து ஒவ்வொரு எழுத்தாகக் கேட்டார். கீழே ஒரு புள்ளி, மேலே இரண்டு புள்ளி, மேலே மூன்று புள்ளி என்று ஒரே வடிவத்தில் இருக்கும் மூன்று எழுத்துகளையும் அவள் மாற்றி மாற்றிச் சொன்னாள். முன்வரிசையில் இருந்த பிள்ளைகள் சிரித்தார்கள்.

ஹஜ்ரத்தின் முகம் வெளுத்துவிட்டது. "இத்தனை வருஷமா ஓதுற மாதிரி நடிச்சிருக்கா" என்றார், யாரையும் பார்க்காமல். பிறகு அவளைப் பார்த்தார். "என்னை ஏமாத்து, பரவாயில்ல. அல்லாஹ்வோட வேதத்தை வச்சா ஏமாத்துறது?"

நஜ்மா குர்ஆனை மூடினாள். பழக்கிய மாதிரியே அதை முத்தமிட்டுத் தாங்கியில் வைத்தாள். பிறகு கையைக் கட்டிக்கொண்டு உட்கார்ந்திருந்தாள். நான் எழுந்துபோய் அவளைத் தூக்கிக்கொண்டு வந்திருக்கலாம். தலைவர் முன்னால், ஆலிம் முன்னால் எப்படி எழுவது என்ற யோசனையிலேயே நேரம் போய்விட்டது.

4

அன்றிலிருந்து அவள் ஓதுவதை நிறுத்தினாள். வீட்டிலும் நிறுத்தினாள். சபீனா அடுப்படியில் ஓதத் தொடங்கினால் எழுந்து அறைக்குள் போய்விடுவாள். கொஞ்ச நாளில் சபீனாவும் சத்தமாக ஓதுவதை விட்டுவிட்டாள். எங்கள் வீட்டுக் காலைகளில் பக்கத்து ரயில் பாதையின் சத்தம் மட்டும் கேட்டது.

விருந்து நின்றுபோனது. இந்தச் செய்தி பரவ எங்களிடையே நாள் ஆகாது. ஏன் இப்படிச் செய்தாய் என்று சபீனா ஒருநாள் தலைவாரிவிடும்போது மெதுவாகக் கேட்டிருக்கிறாள். நஜ்மா சொன்னதை சபீனா என்னிடம் அப்படியே திருப்பிச் சொன்னாள்.

"நான் பொய் சொல்லல உம்மா. எல்லாரும் கேட்டுத்தான் ஓதுறாங்கன்னு நெனச்சேன். கிதாபை மரியாதைக்குத் தொறந்து வைப்பாங்கன்னு நெனச்சேன். அப்பறம் தெரிஞ்சுச்சு. அப்ப சொல்லப் பயமா இருந்துச்சு."

கடையில் வாடிக்கையாகத் துணி எடுக்கும் ஆசிரியை ஒருவர் கிள்ளானிலிருந்து வருவார். பேச்சுவாக்கில் அவரிடம் மகளின் படிப்பைப் பற்றிப் புலம்பினேன். அவர் துணி பார்ப்பதை நிறுத்திவிட்டு, பிள்ளையைச் சோதித்துப் பார்த்தீர்களா என்று கேட்டார். கிள்ளானில் புவனா என்று ஒரு பெண் சிறிய மையம் நடத்துவதாகவும், தமிழும் பேசுவார் என்றும் சொன்னார். இரண்டு சனிக்கிழமை ரயிலேறிப் போனோம். புவனா ஆங்கிலத்தில் சோதனை செய்தார், எங்களுக்குத் தமிழில் விளக்கினார். அந்தத் தமிழும் இந்த ஊர்த் தமிழ்தான்.

"அண்ணே, கண்ணு ஓக்கே, மூளையும் ஓக்கே. சொல்லப்போனா மத்த பிள்ளைங்கள விட நல்லாவே இருக்கு. எழுத்தையும் சத்தத்தையும் சேக்குற எடத்துலதான் இவங்களுக்குச் சிரமம் லா. டிஸ்லெக்சியான்னு சொல்வோம். இது சோம்பல் இல்ல, ஏமாத்து இல்ல. வீட்டுக்குப் போயி மொதல்ல அத பாப்பாகிட்ட சொல்லுங்க."

பயிற்சி கொடுத்தால் வாசிப்பு வரும், மெதுவாக வரும், மற்றவர்களைப் போல ஓட்டமாக வராமலும் போகலாம் என்றார். எல்லாப் பிள்ளைகளுக்கும் இவ்வளவு நல்ல செவி இருக்காது, அதை விட்டுவிடாதீர்கள் என்றும் சொன்னார். சபீனா தலையாட்டிக்கொண்டே அழுதாள். எனக்கு அழுகை வரவில்லை. ஒரு பெயர் கிடைத்ததில் நிம்மதி வந்தது. அந்தப் பெயரை ஊரில் யாரிடம் எப்படிச் சொல்வேன் என்ற நினைப்பு உடனே பின்னால் வந்தது.

திரும்பும் ரயிலில் நஜ்மாவிடம் சொன்னேன். அவள் ஜன்னலைப் பார்த்தபடியே கேட்டுக்கொண்டிருந்தாள். நான் சொல்லி முடித்ததும், "ஹஜ்ரத்துக்கு இது தெரியுமா வாப்பா?" என்றாள்.

"தெரியாதும்மா."

"அவருக்கு யார் சொல்வா?"

நான் சொல்கிறேன் என்றேன்.

5

முதலில் பள்ளிக்கூடம். தலைமையாசிரியை புவனா எழுதிக் கொடுத்த அறிக்கையைப் பொறுமையாகப் படித்தார். தேர்வில் கூடுதல் நேரம், கேள்வியை வாசித்துக் காட்ட ஓர் ஆள், இவற்றைக் கொடுக்கலாம், ஆனால் மேலிடத்துக்குக் காட்ட அரசாங்கப் பதிவு இருந்தால் நல்லது என்றார். மாற்றுத்திறனாளிகளுக்கு இங்கே ஓர் அட்டை கொடுக்கிறார்கள். கற்றல் சிரமம் உள்ள பிள்ளைகளும் அதில் வருவார்கள்.

அந்த அட்டை என்ற பேச்சு எங்கள் வீட்டுக்குள் இறங்கவே இரண்டு வாரம் ஆயிற்று. மாற்றுத்திறனாளி என்று என் பிள்ளையை எழுதுவதா என்று சபீனா கேட்டாள். நாளைக்கு அவளைப் பெண் கேட்டு வருகிறவர்கள் என்ன நினைப்பார்கள் என்றாள். பிறகு அவளே ஒரு காலையில் பாத்திரம் கழுவிக்கொண்டே, எழுதுங்கள், பரவாயில்லை, அவளுக்கு நேரம் கிடைத்தால் போதும் என்றாள். அந்தச் சொல்லை விழுங்குவது அவளுக்கு எவ்வளவு கஷ்டமாக இருந்தது என்று எனக்குத் தெரியும்.

அட்டை கொடுக்கும் அலுவலகத்தில் வரிசை நகர்ந்து எங்கள் முறை வந்தது. முகப்பில் இருந்த மலாய்ப் பெண் நஜ்மாவைப் பார்த்துச் சிரித்தார். இங்கே பிறந்தவளா என்று கேட்டார். ஆமாம் என்றேன். குடிமகளா என்றார். இல்லை என்றேன். அவர் பேனாவைக் கீழே வைத்தார். "மாஃப் யா, என்சிக்" என்றார். மன்னிக்க வேண்டும் ஐயா, இது குடிமக்களுக்கு மட்டும். அவர் உண்மையிலேயே வருத்தப்பட்டார் என்று நினைக்கிறேன். எங்களுக்குப் பின்னால் நின்றவரைக் கூப்பிடுவதற்கு முன் கொஞ்சம் தயங்கினார்.

வாங்குவதற்கு வெட்கப்பட்ட ஒன்று, எங்களுக்கு உரியதே இல்லை என்று தெரிந்தது. வெளியே வந்து பேருந்து நிறுத்தத்தில் நின்றபோது சபீனா சிரித்தாள். கேட்க நன்றாக இல்லாத சிரிப்பு.

ஊரிலே சட்டத்தில் இதற்கு இடம் இருக்கிறது என்கிறார்கள். ஆனால் நாங்கள் ஊரில் இல்லை. இவள் பிறந்தது இந்த மண்ணில், பெயர் இருப்பது அந்த நாட்டுப் பாஸ்போர்ட்டில். இரண்டு இடத்திலும் இவளால் ஒரு காலைத்தான் ஊன்ற முடிகிறது. காக்காவிடம் சொன்னபோது, அவர் முழுவதும் கேட்டுவிட்டு, "அங்க நாலு மொழியைப் போட்டுக் குழப்பிட்டீங்க. என்கிட்ட அனுப்பு, ஆறு மாசத்துல படிக்க வச்சுடுறேன். வியாதிப் பேரெல்லாம் புள்ளைக்கு வைக்காதே" என்றார். அன்பாகத்தான் சொன்னார்.

பள்ளிக்கூடத்தில் கடைசியில் வகுப்புத் தேர்வுகளுக்கு மட்டும் கூடுதல் நேரம் தர ஒத்துக்கொண்டார்கள். பெரிய தேர்வு வரும்போது பார்க்கலாம் என்றார்கள். அதை வாங்கவே நான்கு தடவை போய்ப் பேச வேண்டியிருந்தது. யாரிடமும் உரக்கப் பேசாதவன் நான். வரிசையில் ஒருவன் முன்னால் நுழைந்தால்கூட ஒதுங்கி இடம் விடுகிறவன். அந்த நாட்களில் என் குரல் எனக்கே அந்நியமாக இருந்தது.

6

ஹஜ்ரத்திடம் போவதைத் தள்ளிக்கொண்டே வந்தேன். நஜ்மா அதைப் பற்றி மறுபடி கேட்கவில்லை. கேட்காததால்தான் போனேன்.

வகுப்பு தொடங்குமுன் மாடிப்படியில் அவரைப் பிடித்தேன். கீழே தேநீர்க் கடையில் உட்கார்ந்தோம். புவனா சொன்னதை எனக்குத் தெரிந்த தமிழில் சொன்னேன். குறுக்கிடாமல் கேட்டார். கண் தெரியாத ஹாபிழ்கள் எத்தனை பேர் இருக்கிறார்கள், அவர்கள் காதால் கேட்டுத்தானே குர்ஆன் முழுவதையும் மனதில் வைத்திருக்கிறார்கள், அதை நடிப்பு என்று யாரும் சொல்வதில்லையே என்றேன்.

"அவங்களுக்குக் கண் இல்லை, காதர் பாய்" என்றார். "உங்க புள்ளைக்குக் கண் இருக்கே."

அந்த ஒரு வாக்கியத்தில் எல்லாம் அடங்கியிருந்தது. பள்ளி ஆசிரியர்கள் சொன்னதும் காக்கா சொன்னதும் அதுதான். ஒரு காலத்தில் நான் நினைத்ததும் அதுதான். கையில் கட்டு இல்லை, கண்ணில் கண்ணாடி இல்லை. பார்ப்பவர்களுக்கு நம்ப எதுவும் இல்லை.

அவர் கல்நெஞ்சக்காரர் இல்லை. அவரே, தனியாக அனுப்புங்கள், வாயால் சொல்லிக்கொடுக்கிறேன் என்றார். நான் நன்றி சொல்லிவிட்டு எழுந்திருக்கலாம். எழவில்லை.

"அது போதாது ஹஜ்ரத். புள்ளைங்க முன்னாடி அவளைப் பொய்க்காரின்னு சொன்னீங்க. அதே புள்ளைங்க முன்னாடி அது இல்லன்னு சொல்லணும்."

அவர் தேநீர்க் குவளையைத் திருப்பிக்கொண்டே இருந்தார். "முப்பது புள்ளைங்க முன்னாடி நான் தப்புப் பண்ணிட்டேன்னு சொன்னா, நாளைக்கு எவன் என் சொல்லைக் கேப்பான்? இங்க எனக்குன்னு இருக்குறது அந்தச் சொல்லு ஒண்ணுதான்."

அதுவும் பொய் இல்லை. அவரும் என்னைப் போல அனுமதியில் வந்தவர். குடும்பம் தொண்டியில். நிர்வாகக் குழு கையெழுத்துப் போட்டால் இருப்பார், போடாவிட்டால் போவார்.

எழுத்தில் புகார் கொடுங்கள் என்று சபீனா சொன்னாள். நான் கொடுக்கவில்லை. இதை ஊர்க்காரர்களுக்காக அழுத்திச் சொல்கிறேன்: நான் அவர் மீது புகார் எழுதவில்லை. ஹாஜியாரிடம் போய், புவனாவை ஒருநாள் வரவழைத்துப் பெற்றோருக்கும் ஹஜ்ரத்துக்கும் இதைப் பற்றிப் பேசவைக்கலாம் என்று மட்டும் கேட்டேன். "விடுங்க லா தம்பி, சின்ன விஷயம். பெருசாக்கினா உங்க பிள்ளைக்குத்தான் கெட்ட பேரு" என்றார். விடாமல் கேட்டதால், அடுத்த பெற்றோர் கூட்டத்தில் ஐந்து நிமிடம் பேசுங்கள் என்று ஒத்துக்கொண்டார்.

பேசினேன். நஜ்மாவின் பெயரைச் சொல்லவில்லை. சொல்லாவிட்டாலும் எல்லோருக்கும் தெரியும். எழுத்து வராத பிள்ளை சோம்பேறியும் இல்லை பொய்க்காரனும் இல்லை என்றேன். நாம் ஓதுதல் என்று சொல்வது வாயும் காதும் சேர்ந்த வேலை, பிறகுதான் கண் என்றேன். ஹஜ்ரத் சுவரோரம் தலைகுனிந்து உட்கார்ந்திருந்தார். கேட்டுக்கொண்டிருந்தார் என்றுதான் நம்புகிறேன்.

அப்போது திரைக்குப் பின்னால் பெண்கள் பகுதியிலிருந்து ஒரு குரல் வந்தது. "எங்க வீட்டுப் பையனையும் எழுத்து வரலன்னு வாரத்துக்கு ரெண்டு நாளு அடிக்கிறாங்க. அப்ப அவனும் இப்படித்தானா?" அதைத் தொடர்ந்து இன்னொருவர், பிறகு ஓர் ஆண். கூட்டத்தின் பேச்சு பிரம்பின் பக்கம் திரும்பியது. அடிக்கலாமா, யார் அனுமதி கொடுத்தது, இந்தக் காலத்தில் போலீசுக்குப் போனால் என்ன ஆகும் என்று கேட்டார்கள். அந்தத் தாய்மார்களின் கோபத்தில் நியாயம் இருந்தது. ஆனால் நான் கேட்டது அதுவல்ல என்று இரண்டு தடவை எழுந்து சொன்னேன். யார் காதிலும் விழவில்லை. போலீஸ் என்ற சொல் வந்ததும் ஹாஜியாரின் முகம் மாறியதைப் பார்த்தேன்.

7

அடுத்த மாதம் ஹஜ்ரத்தின் அனுமதியைப் புதுப்பிக்கப் போவதில்லை என்று முடிவு செய்தார்கள். செலவு, நிர்வாக மாற்றம் என்று ஏதோ காரணம் சொன்னார்கள். புவனாவை எப்போது கூப்பிடலாம் என்று ஹாஜியாரைக் கேட்டேன். "அதான் ஆள மாத்தியாச்சே தம்பி" என்றார். அவருக்கு விஷயம் முடிந்துவிட்டது. புதிதாக வந்த இளைஞருக்கும் இதைப் பற்றி எதுவும் தெரியாது. அடிக்க மாட்டார் என்கிறார்கள். எழுத்து வராத பிள்ளைகளைக் கடைசி வரிசையில் உட்காரவைக்கிறார் என்று கேள்வி.

கிளம்புவதற்கு முந்தைய நாள் ஹஜ்ரத் கடைக்கு வந்தார். மகள்களுக்குத் துணி எடுக்க வந்ததாகச் சொன்னார். நான்தான் எடுத்துக் காட்டினேன். பச்சையில் ஒன்றும் நீலத்தில் ஒன்றும் எடுத்தார். பொட்டலம் கட்டும்வரை முக்காலியில் உட்கார்ந்திருந்தார். நான் எதையாவது சொல்ல வேண்டும் என்று தவித்துக்கொண்டிருந்தேன். அவரே பேசினார்.

"உங்க மேல கோவம் இல்லை, காதர் பாய். இருந்துச்சு, இப்ப இல்லை. ஆனா ஒண்ணு. பன்னெண்டு வருஷமா என்கிட்ட ஓதுன புள்ளைங்க பேரெல்லாம் ஞாபகம் வருது. செலாயாங்ல மீன் விக்கிறவரு மகன் ஒருத்தன் இருந்தான். எவ்வளவு அடிச்சேன் அவனை. அவன் சோம்பேறியா, இல்ல அவனுக்கும் இதுதானா? இப்ப நான் எப்படிக் கண்டுபிடிக்கிறது?"

எனக்குத் தெரியவில்லை என்றேன். அவர் தலையாட்டினார். பிறகு, புவனா சொன்னதெல்லாம் தமிழில் எங்காவது எழுதியிருக்கிறதா, ஊரில் ஏதாவது மதரஸாவில் வேலை கிடைத்தால் உதவும் என்று கேட்டார். என் கைவசம் எதுவும் இல்லை. கல்லாவுக்குப் பின்னால் உட்கார்ந்து, புவனா எங்களுக்கு விளக்கியதை நினைவிலிருந்து இரண்டு தாளில் எழுதிக் கொடுத்தேன். மடித்துச் சட்டைப் பையில் வைத்துக்கொண்டார். நஜ்மாவைப் பற்றிக் கேட்டார். இன்னும் ஓதுவதில்லை என்றேன். துணிப் பொட்டலத்தை எடுத்துக்கொண்டு ஸலாம் சொல்லிவிட்டு இறங்கிப் போனார். அவருக்கு அங்கே வேலை கிடைத்ததா என்று இன்றுவரை தெரியாது.

வீட்டில் நான் சொல்வதற்கு முன்பே நஜ்மாவுக்குத் தெரிந்திருந்தது. வகுப்புப் பிள்ளைகள் சிலர் அவள் பள்ளியிலும் படிக்கிறார்கள்.

"என்னாலயா அவர் போறாரு?"

இல்லை, பெரியவர்கள் எடுத்த முடிவு என்றேன்.

"அப்ப போறதுக்கு முன்னாடி புள்ளைங்ககிட்ட சொன்னாரா? நான் பொய் சொல்லலன்னு?"

"இல்லம்மா."

அவள் சரி என்பது போலத் தலையாட்டிவிட்டுப் பென்சில் சீவப் போனாள். அவளுக்குக் கிடைக்க வேண்டியதும் கிடைக்கவில்லை; அவரிடம் இருந்ததும் போய்விட்டது. இரண்டுக்கும் நடுவில் நின்றது நான்தான். காக்கா கேட்ட கேள்விக்கு இதைவிடத் தெளிவான பதில் என்னிடம் இல்லை.

8

இப்போது அந்த மாடி வகுப்பில் ஓதும் இரண்டு பிள்ளைகளின் தாய்மார்கள் சபீனாவோடு கிள்ளானுக்குப் போகிறார்கள். திரைக்குப் பின்னாலிருந்து பேசிய அந்தப் பெண்ணும் அதில் ஒருவர். அவர் மகனுக்கும் இதேதான் என்று புவனா சொல்லியிருக்கிறார். அவர்கள் என்னிடம் தொலைபேசியில் கேள்வி கேட்கிறார்கள், எனக்குத் தெரிந்ததைச் சொல்கிறேன். அவர்கள் குடிமக்கள். அட்டை கிடைக்கும். விண்ணப்பத்தோடு எந்தெந்தத் தாள்கள் வைக்க வேண்டும் என்று எனக்கு மனப்பாடம்.

நஜ்மாவின் வாசிப்பில் மாற்றம் இருக்கிறது, மிக மெதுவாக. விரலால் ஒவ்வொரு சொல்லையும் மூடித் திறந்து படிக்கப் பழகுகிறாள். ஓதலைப் பற்றி நாங்கள் பேசுவதை விட்டுவிட்டிருந்தோம். போன மாதம் அவளே, வேறு இடத்தில் சேர்த்துவிடுங்கள் என்றாள். தமிழ்ப் பிள்ளைகள் இல்லாத இடம் வேண்டும் என்றாள். ஏன் என்று நாங்கள் கேட்கவில்லை. அவளுடைய தமிழ் ஏற்கெனவே தேய்ந்து வருகிறது, இதுவும் போய்விடுமே என்று எனக்குள் ஒரு பயம் ஓடியது. அதையும் சொல்லவில்லை.

பிரிக்பீல்ட்ஸுக்குப் பக்கத்தில் பந்தாய் டாலாம் என்ற பகுதியில் ஒரு மலாய் ஆசிரியை தன் வீட்டுக் கூடத்தில் பிள்ளைகளுக்கு ஓதிக்கொடுக்கிறார். போன செவ்வாய்க்கிழமை அழைத்துப் போனேன். புவனாவின் அறிக்கை பையில் இருந்தது. என்ன சொல்ல வேண்டும், எந்த மலாய்ச் சொல்லில் சொல்ல வேண்டும் என்று வழியெல்லாம் ஒத்திகை பார்த்துக்கொண்டு போனேன். வாசலில் பிள்ளைகளின் செருப்புகள் குவிந்து கிடந்தன. ஆசிரியை எழுந்து வந்து சிரித்து, உள்ளே வரச் சொன்னார். நான் பையைத் திறப்பதற்குள் நஜ்மா ஓரடி முன்னால் போனாள்.

"சாயா தாக் பாண்டாய் பாச்சா" என்றாள். எனக்குப் படிக்க வராது.

மலாயில் படிப்பதற்கும் ஓதுவதற்கும் 'பாச்சா' என்ற ஒரே சொல்தான். ஆசிரியை அவளை ஒன்றுமே தெரியாத பிள்ளை என்று எண்ணி, அலமாரியிலிருந்து சின்னப் பிள்ளைகளின் முதல் புத்தகத்தை எடுத்தார். நஜ்மா தலையை ஆட்டினாள். தன் கண்ணைத் தொட்டு, பிறகு காதைத் தொட்டு, "மாத்தா தாக் போலே. தெலிங்ஙா போலே" என்றாள். கண்ணால் முடியாது, காதால் முடியும்.

அறையில் இருந்த பிள்ளைகள் எல்லோரும் பார்த்தார்கள். அவள் அவர்களைத் திரும்பிப் பார்க்கவில்லை. ஆசிரியை அவள் முகத்தைப் பார்த்தார். பிறகு புத்தகத்தை மூடி ஓரமாக வைத்துவிட்டு, தனக்குப் பக்கத்தில் பாயைத் தட்டிக் காட்டினார். நஜ்மா போய் உட்கார்ந்தாள்.

உட்கார்ந்த பிறகுதான் ஆசிரியை, உன் பெயர் என்ன என்று கேட்டார்.

அப்போதுதான் எனக்கு உறைத்தது. யாரும் எதுவும் கேட்பதற்கு முன்னால், தன் பெயரைக்கூடச் சொல்வதற்கு முன்னால், தன்னால் எது முடியாது என்பதை என் மகள் அந்த அறைக்குச் சொல்லிவிட்டாள். அதை எண்ணிப் பெருமைப்படுவதா, பத்து வயதில் ஒரு பிள்ளை இப்படி உள்ளே நுழைய வேண்டியிருக்கிறதே என்று நொந்துகொள்வதா என்று தெரியாமல், அறிக்கையைக் கையில் பிடித்தபடி வாசலிலேயே நின்றேன்.

"நஜ்மா" என்று சொல்வது கேட்டது.